தடுப்பூசிக்குள் இருக்கும் கொழுப்பு: அது என்ன, எதற்கு?

கொவிட் காலத்தில் என்னிடம் கேட்கப்பட்ட கேள்விகளில் பாதிக்கு மேல் தடுப்பூசியில் உள்ள கொழுப்பைப் பற்றியவை. "சேர், அதற்குள் என்ன கொழுப்புப் போட்டிருக்கிறார்கள்? எந்த மிருகத்துடையது? கொலஸ்ட்ரோல் உள்ளவர்கள் போடலாமா?" உயர்தர வகுப்புகளுக்கு உயிரியல் கற்பிப்பவன் என்பதால் மாணவர்களும் பெற்றோரும் ஜும்ஆ முடிந்து வரும் அயலவர்களும் இதைக் கேட்டார்கள். நியாயமான கேள்வி. உடம்பில் ஏற்றப்படும் பொருளில் என்ன இருக்கிறது என்று அறிவது ஒருவரின் உரிமை.

கொவிட் பேச்சு குறைந்துவிட்ட இன்று இதை எழுதுவதற்குக் காரணம் உண்டு. அதே கொழுப்பு உறையில் வேறு தடுப்பூசிகளும், பரம்பரை நோய்களுக்கான மருந்துகளும் வந்துகொண்டிருக்கின்றன. அவற்றில் ஒன்று நாளை நம் பிள்ளைக்கோ பெற்றோருக்கோ சிபாரிசு செய்யப்படலாம். அப்போது வட்ஸ்அப் செய்தியை வைத்து முடிவெடுக்கும் நிலை வரக்கூடாது.

முதலில் ஒரு தெளிவு. இலங்கையில் மிகப் பலர் முதல் இரண்டு தடவையும் பெற்றது சினோபார்ம். அது செயலிழக்கச் செய்யப்பட்ட வைரசைக் கொண்டது. அதில் இந்தக் கொழுப்பு உறை இல்லை. 2021 ஜூலையில் நாட்டுக்கு வந்த பைசர், மொடர்னா ஆகியவற்றிலும், பின்னர் மூன்றாவது தடவையாகப் பலருக்கு ஏற்றப்பட்ட பைசரிலுமே அது இருக்கிறது.

உறை எதற்கு?

பைசர், மொடர்னா தடுப்பூசிகளின் மருந்து எம்.ஆர்.என்.ஏ. எனும் மூலக்கூறு. ஒரு புரதத்தை எப்படிச் செய்வது என்று கலத்துக்குச் சொல்லும் கட்டளைக் கடிதம் என்று அதைக் கொள்ளலாம். கொரோனா வைரசின் மேற்பரப்பிலுள்ள முள் போன்ற புரதத்தை நமது கலங்களே சிறிது காலம் செய்கின்றன. உடலின் நிர்ப்பீடனத் தொகுதி அதைப் பார்த்துப் பழகி, உண்மையான வைரஸ் வரும்போது அடையாளம் கண்டுகொள்கிறது.

கடிதத்தை உள்ளே சேர்ப்பதுதான் கடினம். எம்.ஆர்.என்.ஏ.யை வெறுமனே ஏற்றினால் உடல் திரவங்களில் உள்ள நொதியங்கள் அதை விரைவிலேயே துண்டாடிவிடும். தப்பியது கலத்துக்குள் நுழைவதும் இலகுவல்ல. எம்.ஆர்.என்.ஏ. பெரிய மூலக்கூறு; மறை ஏற்றம் கொண்டது. கலமென்சவ்வின் மேற்பரப்பும் மறை ஏற்றமுடையது. அதன் நடுப்பகுதி கொழுப்பாலானது. இரண்டும் ஒன்றையொன்று விலக்கும். ஆகவே கடிதத்துக்கு உறை வேண்டும். வழியில் அது பிரியக்கூடாது. உள்ளே போனதும் பிரிந்துவிட வேண்டும். அந்த உறைதான் கொழுப்பு நனோத் துணிக்கை.

துணிக்கை ஒன்றின் விட்டம் ஏறத்தாழ 80 முதல் 100 நனோமீற்றர். ஆயிரம் துணிக்கைகளை வரிசையாக வைத்தால்தான் ஒரு தலைமுடியின் தடிப்பு வரும்.

நான்கு கொழுப்புகள்

உறையில் நான்கு வகைக் கொழுப்புகள் உள்ளன. முதலாவது கொலஸ்ட்ரோல். நமது ஒவ்வொரு கலமென்சவ்விலும் இருக்கும் அதே பொருள். இங்கு துணிக்கைக்கு உறுதி தருகிறது. இரண்டாவது ஒரு பொசுபோலிப்பிட்டு. கலமென்சவ்வுகள் கட்டப்படுவதும் இவ்வகைப் பொருளால்தான். மூன்றாவது, பொலிஎதிலீன் கிளைக்கோல் இணைக்கப்பட்ட கொழுப்பு. சுருக்கமாக 'பெக்' என்பார்கள். துணிக்கைகள் ஒன்றோடொன்று ஒட்டிப் பெருக்காமல் காப்பது இதன் வேலை.

நான்காவதே முக்கியமானது: அயனாகும் கொழுப்பு. சாதாரண நிலையில், அதாவது இரத்தத்திலும் தசையிலும், இதற்குப் பெரும்பாலும் ஏற்றம் இல்லை. அமிலத் தன்மை கூடினால் நேர் ஏற்றம் பெறுகிறது. துணிக்கையைக் கலம் ஒரு சிறு பைக்குள் இழுத்துக்கொள்ளும். அந்தப் பை சிறிது நேரத்தில் அமிலமாகும். உடனே இந்தக் கொழுப்பு நேர் ஏற்றம் பெற்று, பையின் சுவரிலுள்ள மறை ஏற்றக் கொழுப்புகளோடு பிணைந்து சுவரைக் குலைக்கிறது. கடிதம் கலத்தின் உள்ளே விழுகிறது.

இது திறமையான வழி என்றும் சொல்ல முடியாது. சிறிய ஆர்.என்.ஏ. மருந்துகளை வைத்து 2013 இல் வெளியான ஆய்வொன்றில், உள்ளே போனதில் நூற்றுக்கு ஒன்றிரண்டு பங்கே பையிலிருந்து வெளியேறியது தெரியவந்தது. ஆனாலும் ஒரு கடிதத்தைக் கொண்டு கலம் பல புரதங்களைச் செய்வதால் அந்தச் சிறு பங்கே போதுமாகிறது.

அளவையும் பார்ப்போம். வயதுவந்தோருக்கான ஆரம்பகாலப் பைசர் ஊசி ஒன்றில் எம்.ஆர்.என்.ஏ. 0.03 மில்லிகிராம். நான்கு கொழுப்புகளும் சேர்ந்து ஏறத்தாழ 0.77 மில்லிகிராம். கடிதத்தை விட உறை 25 மடங்கு பாரமானது. அதில் கொலஸ்ட்ரோல் 0.2 மில்லிகிராம். ஒரு கோழி முட்டையின் மஞ்சட் கருவில் இருப்பது ஏறத்தாழ 200 மில்லிகிராம், அதாவது ஆயிரம் மடங்கு. கொலஸ்ட்ரோல் உள்ளவர்கள் அஞ்சத் தேவையில்லை என்பதற்கு இந்தக் கணக்கே போதும்.

அவசரத்தில் வந்ததா?

"ஒரு வருடத்தில் செய்துவிட்டார்களே" என்பது இன்னொரு சந்தேகம். உறையின் வரலாறு அறுபது வருடத்தது. பொசுபோலிப்பிட்டை நீரில் இட்டால் அது தானாகவே சிறு குமிழ்களாக மூடிக்கொள்வதை 1960களில் பிரித்தானிய விஞ்ஞானி அலெக் பெங்ஹாம் கண்டார். அந்தக் குமிழுக்குள் புற்றுநோய் மருந்தொன்றை அடைத்த டொக்ஸிலுக்கு 1995 இல் அமெரிக்கா அனுமதி வழங்கியது. 1987 இல் பிலிப் பெல்க்னரும் அவரது குழுவினரும் நேர் ஏற்றக் கொழுப்பின் மூலம் டீ.என்.ஏ.யைக் கலங்களுக்குள் செலுத்திக் காட்டினர். ஆனால் எப்போதும் நேர் ஏற்றத்துடன் இருக்கும் கொழுப்பு உடலுக்கு நஞ்சாகக்கூடியது.

அமிலத்தில் மட்டும் ஏற்றம் பெறும் கொழுப்பைக் கொண்டு அந்தச் சிக்கலைத் தீர்த்ததில் கனடாவின் வன்கூவரிலுள்ள பீற்றர் கலிஸ் குழுவினருக்குப் பெரும் பங்கு உண்டு. அதன் பலனாக 2018 ஓகஸ்டில் ஒன்பட்ரோ என்ற மருந்துக்கு அமெரிக்காவில் அனுமதி கிடைத்தது. ஈரலில் உண்டாகும் பழுதான புரதமொன்று நரம்புகளில் படிந்து முடக்கும் பரம்பரை நோய்க்கானது அது. கொவிட் வருவதற்கு முன்னரே இந்த உறை நோயாளிகளின் இரத்தத்தில் ஏற்றப்பட்டு வந்தது என்பதைக் கவனிக்க வேண்டும்.

கடிதத்தின் எழுத்தைத் திருத்தியவர்கள் கத்தலின் கரிகோவும் ட்ரூ வைஸ்மனும். அவர்களுக்கு 2023 இல் நோபல் பரிசு கிடைத்தது. உறை செய்தவர்கள் அந்தப் பரிசில் இல்லை.

ஹலால் பற்றிய கேள்வி

சில பழைய தடுப்பூசிகளில் மருந்தைப் பாதுகாக்கப் பன்றி ஜெலட்டின் சேர்க்கப்படுகிறது. அச்சத்தின் மூலம் அதுவே. பைசர், மொடர்னா தடுப்பூசிகளில் ஜெலட்டின் இல்லை. அந்த வேலையைச் சீனி செய்கிறது. பன்றியிலிருந்து பெறப்பட்ட பொருட்கள் தமது கொவிட் தடுப்பூசிகளில் இல்லை என்று இரு நிறுவனங்களும் 2020 டிசம்பரில் அறிவித்தன. பிரித்தானிய இஸ்லாமிய மருத்துவ சங்கமும் அப்போது பைசர் தடுப்பூசியை ஆபத்து நிலையில் உள்ளோருக்குச் சிபாரிசு செய்தது.

தயாரிப்பில் எதனோல் பயன்படுகிறது என்பதையும் சொல்லிவிட வேண்டும். கொழுப்புகளை எதனோலில் கரைத்து, அமிலத் தன்மையுள்ள நீரில் இருக்கும் ஆர்.என்.ஏ.யுடன் ஒடுங்கிய குழாய்களில் வேகமாகக் கலக்கும்போது துணிக்கைகள் தாமாகவே உருவாகின்றன. பின்னர் வடிகட்டி எதனோலை அகற்றுகிறார்கள். மார்க்கத் தீர்ப்புச் சொல்வது உலமாக்களின் பொறுப்பு. தீர்ப்புக்குத் தேவையான விபரத்தை மறைக்காமல் முன்வைப்பது என் போன்றோரின் பொறுப்பு.

பக்கவிளைவுகளும் உண்டு. கடுமையான ஒவ்வாமை, அமெரிக்க நோய்க் கட்டுப்பாட்டு நிலையத்தின் கணக்குப்படி, பத்து இலட்சம் ஊசிகளுக்கு ஏறத்தாழ ஐந்து. 'பெக்' மீது சந்தேகம் எழுந்தது. இளம் ஆண்களில், குறிப்பாக இரண்டாவது ஊசியின் பின், அரிதாக இதயத்தசை அழற்சி காணப்பட்டது. ஊசி போட்ட பின் சிறிது நேரம் இருக்கச் சொல்வதும், முன்னைய ஒவ்வாமைகளைக் கேட்பதும் இதனால்தான். அந்தக் கேள்விக்கு உண்மையான பதில் சொல்லுங்கள்.

உறை ஒன்று, கடிதங்கள் பல

"இது பரம்பரையலகை மாற்றுமா?" என்பதற்கான பதில் கடிதத்தைப் பொறுத்தது. தடுப்பூசியின் எம்.ஆர்.என்.ஏ. கலத்தின் கருவுக்குள் செல்லாமல் வெளியிலேயே வேலை செய்து சிதைந்துவிடும்; டீ.என்.ஏ.யைத் தொடாது. ஆனால் டீ.என்.ஏ.யைத் திருத்துவதற்கென்றே எழுதப்பட்ட கடிதத்தையும் இதே உறையில் அனுப்பலாம். அமெரிக்காவின் பிலடெல்பியா சிறுவர் வைத்தியசாலையில் 2025 இல் அது நடந்தது. இரத்தத்தில் அமோனியா சேர்ந்து மூளையைத் தாக்கும் பரம்பரை நோயுடன் பிறந்த குழந்தைக்கு, அதன் ஒரு எழுத்துப் பிழையைத் திருத்தும் மருந்தை அக்குழந்தைக்கென்றே தயாரித்து மூன்று தடவை ஏற்றினார்கள். குழந்தையின் நிலை முன்னேறியது.

அந்த மருந்து ஈரலைத் தேடிச் சென்றதற்கும் காரணம் கொழுப்புத்தான். துணிக்கை இரத்தத்தில் ஏற்றப்பட்டதும் அபோ-ஈ என்ற புரதம் அதில் ஒட்டிக்கொள்கிறது. உடலின் சொந்தக் கொழுப்பைச் சுமந்து செல்லும் துணிக்கைகளிலும் அதே புரதம் உண்டு. ஈரல் இதைத் தன்னுடையது என எண்ணி உள்ளே எடுக்கிறது. மூளைக்கும் இதயத்துக்கும் இப்படி அனுப்புவது இன்னும் கடினமாகவே இருக்கிறது.

விலையே பெரிய தடை. ஒன்பட்ரோவுக்கு அமெரிக்காவில் ஆரம்பத்தில் குறிக்கப்பட்ட விலை, ஒரு நோயாளிக்கு வருடத்துக்குச் சராசரியாக 450,000 டொலர். உறையின் உரிமை யாருக்கு என்று 2022 முதல் மொடர்னா, பைசர் நிறுவனங்களுக்கு எதிராக வழக்குகள் தொடரப்பட்டன. மறுபுறம், உலக சுகாதார ஸ்தாபனத்தின் உதவியுடன் தென்னாபிரிக்காவின் கேப்டவுன் நகரிலுள்ள அஃப்ரிஜென் நிறுவனம், மொடர்னா தொழில்நுட்பத்தைப் பகிராத நிலையிலும், வெளியான தகவல்களைக் கொண்டு 2022 இல் இவ்வகைத் தடுப்பூசியை ஆய்வுகூட அளவில் செய்து காட்டியது. அந்த அறிவைப் பெறத் தெரிவான நாடுகளில் பங்களாதேஷ், பாகிஸ்தான், இந்தோனேசியா ஆகியனவும் அடங்கும். இந்தத் துறையில் படிக்க விரும்பும் நமது பிள்ளைகள் கவனிக்க வேண்டிய இடம் இது.

அடுத்த முறை இப்படி ஒரு மருந்து உங்கள் வீட்டுக்குச் சிபாரிசு செய்யப்பட்டால் வைத்தியரிடம் மூன்று விடயங்களைக் கேளுங்கள். உறையில் என்ன இருக்கிறது? கடிதத்தில் என்ன எழுதியிருக்கிறது? அது உடலில் எங்கே போகிறது? கொழுப்பு என்ற ஒரு சொல்லுக்குப் பயந்து மறுப்பதும், தடுப்பூசியில் இருந்ததுதானே என்று கேளாமல் ஏற்பதும் ஒரே தவறின் இரு பக்கங்கள். பதில் கிடைத்த பின் ஏற்பதா மறுப்பதா என்பது உங்கள் முடிவு.