இசைவாணைக்கு வெளியே போகும் எரு

நாமக்கல் பக்கம் புதிதாக முட்டைக்கோழிப் பண்ணை போட நினைப்பவர் முதலில் தேடுவது அளவு நாடாவை. இங்கிலாந்தின் ஹியர்ஃபோர்ட்ஷயரில் அதே தொழிலில் இறங்குபவர் தேடுவது அமோனியாக் கணக்குப் போடத் தெரிந்த ஆலோசகரை. இரு நாட்டு அனுமதிமுறைகளின் குணமும் இதிலேயே பாதி தெரிந்துவிடும்.

நம் பக்கத்துக் கதை சமீபத்தியது. மத்திய மாசு கட்டுப்பாட்டு வாரியத்தின் 2015 வழிகாட்டுதல் 1 லட்சம் கோழிகள் வரை பண்ணைகளுக்கு இசைவாணை, அதாவது மாசு கட்டுப்பாட்டு வாரிய அனுமதி, பெறுவதிலிருந்து விலக்கு அளித்திருந்தது. விலங்கு நல ஆர்வலர் கௌரி மௌலேகி தொடுத்த வழக்கில், அந்த விலக்கை மறுபடி பரிசீலிக்கும்படி தேசிய பசுமைத் தீர்ப்பாயம் 2020 செப்டம்பரில் சொன்னது. 2022 திருத்தத்தில் கோடு 25,000-க்கு இறங்கியது. ஒரே இடத்தில் அதற்கு மேல் கோழி வைத்தால், கட்டுமுன் ஓர் இசைவாணை, இயக்குமுன் இன்னொன்று. குடியிருப்பிலிருந்து 500 மீட்டர், ஆறு, ஏரி, குடிநீர்க் கிணற்றிலிருந்து 100 மீட்டர் தள்ளி இருக்க வேண்டும். 2006 சுற்றுச்சூழல் தாக்க மதிப்பீட்டு அறிவிக்கையின் பட்டியலில் கோழிப்பண்ணை இல்லை. ஆகவே அதன்படியான பொதுமக்கள் கருத்துக்கேட்பும் இல்லை.

இங்கிலாந்தில் கோடு 40,000. அது 1996-ன் ஐரோப்பிய ஆணையோடு வந்தது. ஐரோப்பிய ஒன்றியத்தை விட்டு வெளியேறிய பிறகும் எண் மாறவில்லை. அங்கே 400 மீட்டருக்குள் வீடு இருந்தால் பண்ணை கூடாது என்பதில்லை. நாற்றத்தை எப்படிச் சமாளிப்பீர்கள் என்று எழுத்தில் திட்டம் கேட்பார்கள். சுற்றிலும் 5 கி.மீ.க்குள் பாதுகாக்கப்பட்ட இயற்கை வாழிடம் இருந்தால், பண்ணையின் அமோனியா அங்கே எவ்வளவு படியும் என்று பார்ப்பார்கள். கூண்டில்லா முட்டைக்கோழிக்குப் பொதுவான உச்ச வரம்பு, ஒரு கோழி இடத்துக்கு ஆண்டுக்கு 0.13 கிலோ அமோனியா. 40,000 கோழிக்கு அது 5.2 டன். விண்ணப்பம் பொதுப் பார்வைக்கு வைக்கப்படும். யார் வேண்டுமானாலும் கருத்து எழுதலாம்.

காற்றைப் பொறுத்தவரை அவர்கள் முறையே மேல் என்பேன். தூரம் ஒருமுறை அளப்பதோடு முடிந்துவிடுகிறது. பத்து வருடம் கழித்து மனை போட்டு விற்பவர் ஷெட்டை நெருங்கி வந்தால், அந்த 500 மீட்டர் தாளில் மட்டும்தான் இருக்கும். தவிர, நாற்றத்துக்கும் ஈக்கும் தூரத்தைவிட ஈரம்தான் காரணம். ஒரு முட்டைக்கோழி நாளுக்கு ஏறக்குறைய 100 கிராம் எச்சமிடும். அதில் முக்கால் பங்கு தண்ணீர். 25,000 கோழி என்றால் தினம் இரண்டரை டன். தூண்மேல் உயர்த்திக் கட்டிய ஷெட்டின் அடியில் அது மாதக்கணக்கில் குவிந்து, காற்றோட்டத்தில் காய்ந்து பொருக்குத் தட்டும். மேலே கோழி தண்ணீர் குடிக்கும் ஒரு நிப்பிள் ஒழுகினால் போதும்: கீழே அந்த இடம் மட்டும் கூழாகி, புழு நெளியத் தொடங்கும். பண்ணையாட்கள் அதில் சுண்ணாம்பு தூவுவார்கள். அளவு நாடாவுக்கு இது எதுவும் தெரியாது.

ஆனால் இங்கிலாந்தின் நுணுக்கமெல்லாம் வை ஆற்றில் வந்து தோற்றது. ஹியர்ஃபோர்ட்ஷயரையும் வேல்ஸின் போவிஸையும் நனைக்கும் அந்த ஆற்றின் வடிநிலத்தில் 2 கோடிக்கும் அதிகமான கோழிகள் இருப்பதாகக் கணக்கிட்டிருக்கிறார்கள். போவிஸில் 16,000, 32,000 கோழி கொண்ட மேய்ச்சல் முட்டைப் பண்ணைகள் பல. எல்லாம் 40,000-க்குக் கீழே. குற்றம் சொல்ல முடியாது, கோடு போட்டால் கோட்டுக்கு இந்தப் பக்கம் நிற்பதுதானே தொழில்? அனுமதி பெற்ற பெரிய பண்ணையிலும், வாசலைத் தாண்டிய எரு அனுமதியின் பிடியிலிருந்து பெரும்பாலும் நழுவிவிடுகிறது. யாருக்கு எவ்வளவு போயிற்று என்று பதிவேட்டில் எழுதினால் ஆயிற்று. லங்காஸ்டர் பல்கலைக்கழகம் தலைமையேற்ற ஓர் ஆய்வு, ஆண்டுக்குச் சுமார் 3,000 டன் பாஸ்பரஸ் அந்த மண்ணில் உபரியாகச் சேர்கிறது என்றது. ஆறு பாசியால் பச்சையானது. 2023-ல் அதன் நிலை ‘மோசம், மேலும் சரிகிறது’ என்ற பிரிவுக்கு இறக்கப்பட்டது.

இந்த ஓட்டையை நீதிமன்றம் தொட்டது 2025-ல். பக்கத்து ஷ்ராப்ஷயரில் சுமார் 2,30,000 கறிக்கோழிகளுக்கு உள்ளாட்சி மன்றம் தந்த கட்டட அனுமதியை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. அந்த வட்டாரத்துப் பண்ணைகளின் கூட்டு விளைவையும், எருவை வெளி நிலங்களில் கொட்டுவதன் விளைவையும் உள்ளாட்சி மன்றம் சரியாக எடைபோடவில்லை என்பது காரணம்.

நாமக்கல்லில் எரு குப்பையல்ல, சரக்கு. லாரி ஏறி வெளியூர்த் தோட்டங்களுக்குப் போய்விடுவதால், வை ஆற்றின் கதி இங்கே இன்னும் கண்ணில் படவில்லை என்று சொல்லலாம். நம் பாதுகாப்பு சட்டத்தைவிடச் சந்தையில் இருக்கிறது. எரு விலை படுத்தால் அது அருகிலுள்ள காட்டிலேயே கொட்டப்படும். இசைவாணை விண்ணப்பத்தில் கோழி எண்ணிக்கை கேட்கும் இடத்துக்குப் பக்கத்தில் இரண்டு கேள்விகள் சேர்க்கலாம்: எரு இறங்கும் நிலம் எது, அந்த மண்ணில் ஏற்கெனவே பாஸ்பரஸ் எவ்வளவு. இரண்டாவதற்கு ஒரு மண் பரிசோதனை போதும்.