ஒரு முகம், மூன்று குவைத்

குவைத்தின் புர்கான் வயலில் எண்ணெய் கண்டுபிடிக்கப்பட்டது 1938இல். நடிகர் சாத் அல் ஃபரஜ் பிறந்ததும் அதே ஆண்டுதான். எண்ணெய்க்கு முந்தைய குவைத்தின் வறுமையைத் திரைக்குக் கொண்டுவந்த முகங்களில் அவருடையதும் ஒன்று.

1961இல் எகிப்திய நாடக ஆசான் ஜக்கி துலைமாத் குவைத்தில் அரபு நாடகக் குழுவைத் தொடங்கினார். அதில் சேர்ந்த இளைஞர்களில் ஒருவர் சாத். அப்போது அங்கே திரைப்படத் தொழில் என்று ஒன்று கிடையாது. காலித் அல் சித்திக் 1972இல் முத்துக்குளிப்பவர்களைப் பற்றிய 'பஸ் யா பஹர்' படத்தை எடுத்தபோதும் நிலைமை பெரிதாக மாறிவிடவில்லை. அந்த இயக்குநர் பம்பாயில் படித்தவர். வளைகுடா முத்துக்கள் விலைபோன சந்தையும் பம்பாய்தான். இந்தியாவோடு குவைத்துக்கு இருந்த உறவு அவ்வளவு நெருக்கம்: 1961 வரை அங்கே ரூபாயே புழங்கியது.

கறுப்பு வெள்ளையில் வந்த 'பஸ் யா பஹர்' படமே குவைத்தின் முதல் முழுநீளக் கதைப்படம். முத்துக்குளிப்புக் காட்சிகளில் ஆவணப்படத்தின் வாடை அடிக்கும். சுறா தாக்கி முடமான முன்னாள் முத்துக்குளிப்பவராக சாத் வருகிறார். காதலியை மணக்கப் பணம் வேண்டுமென்று மகன் முசாயித் கடலுக்குப் போகிறான். சிப்பியில் கை மாட்டி இறந்துபோகிறான். அவன் எடுத்த முத்தைத் தாய் கடலிலேயே வீசிவிடுகிறாள். தந்தையாக நடித்த சாத்துக்கு அப்போது வயது 34, தாயாக நடித்த ஹயாத் அல் ஃபஹதுக்கு 24. வேடம் துருத்திக்கொண்டு தெரியவில்லை என்பதே இருவருக்கும் பெருமை. குவைத் இந்தப் படத்தை ஆஸ்கருக்கு அனுப்பியது. இறுதிப் பட்டியலில் இடம் கிடைக்கவில்லை.

படத்தில் இல்லாத ஒரு வில்லன் ஜப்பானில் இருந்தார். மிக்கிமோட்டோ கோகிச்சியின் வளர்ப்பு முத்துக்கள் 1920களில் உலகச் சந்தைக்கு வந்தன. பின்னாலேயே பெருமந்தமும் வந்தது. வளைகுடாவின் முத்துத் தொழில் எழுந்திருக்கவே இல்லை.

சாத்தின் அடுத்த குவைத், எண்ணெய்ப் பணம் வந்த குவைத்: 1977இல் 'தர்ப் அல் சலக்' என்ற தொலைக்காட்சித் தொடர். பழைய வீட்டை அரசு நல்ல விலைக்கு எடுத்துக்கொள்ள, கையில் பணம் புரளும் இரண்டு சகோதரர்கள் தொட்ட தொழிலிலெல்லாம் கையைச் சுட்டுக்கொள்கிறார்கள். அப்துல் ஹுசைன் அப்துல் ரிதாவும் சாத்தும் சகோதரர்கள். அரசு அப்படி வீடுகளை வாங்கியது கற்பனையல்ல. எண்ணெய்ப் பணம் குடிமக்களின் கைக்கு வந்த முக்கிய வழிகளில் அதுவும் ஒன்று. எண்ணெய்ப் பொருளாதாரம் பற்றிய கனத்த நூல்கள் பலவற்றைவிட இந்த நகைச்சுவைத் தொடர் கூர்மையானது.

பிறகு 2011இல் வலீத் அல் அவதியின் 'தோரா போரா' திரைப்படம். தீவிரவாதிகளோடு போய்விட்ட மகனைத் தேடி ஆப்கானிஸ்தானுக்குப் புறப்படும் முதிய தந்தை சாத். முதல் படத்தில் மகனைக் கடலிடம் இழந்தவர், இங்கே போரிடமிருந்து அவனை மீட்க அலைகிறார்.

நமக்கும் ஒரு முத்துக்கடல் உண்டு. மன்னார் வளைகுடாவின் கடைசிச் சலாபம், அதாவது முத்துக்குளிப்பு, நடந்தது 1961இல். மூச்சடக்கி மூழ்கியவர்களின் நினைவு அழியுமுன் குவைத்தியர்கள் கேமராவைத் தூக்கிவிட்டார்கள். தூத்துக்குடியில் அந்தத் தலைமுறையின் மிச்சமிருப்பவர்களிடம் நம் இளம் இயக்குநர்கள் இப்போதே போக வேண்டும்.