கிருபையும் உபாயமும்

1735ஆம் ஆண்டு ஜூன் முதல் தேதி, ஒரு ஞாயிற்றுக்கிழமை, மாஸசூஸெட்ஸில் நார்தாம்ப்டன் என்ற சிற்றூரில் ஜோஸஃப் ஹாலி என்ற வணிகர் தற்கொலை செய்துகொண்டார். அவ்வூர்ப் போதகர் ஜோனதன் எட்வர்ட்ஸுக்கு அவர் தாய்வழியில் சித்தப்பா முறை. அதற்கு முந்தைய ஆறு மாதங்களில் அதே ஊரில் 300 பேருக்கு மேல் மனந்திரும்பியிருக்கிறார்கள் என்பது எட்வர்ட்ஸின் கணக்கு. தெருவிலும் கடையிலும் ஆத்துமாவைத் தவிர வேறு பேச்சில்லை. ஹாலியும் அந்தப் பேச்சைத்தான் கேட்டார். தனக்கு இரட்சிப்பு இல்லை என்ற முடிவுக்கு வந்தார். இரண்டையும் எட்வர்ட்ஸ் ஒரே நூலில் எழுதிவைத்தார். 1737இல் லண்டனில் அச்சான அந்த நூலின் தலைப்பில் ‘வியப்பூட்டும்’ என்று ஒரு சொல் இருக்கிறது. எழுப்புதல் என்று புராட்டஸ்டண்டுகள் சொல்லும் இயக்கத்தின் அமெரிக்க வரலாற்றை அந்த ஒரு சொல்லுக்கு நேர்ந்த கதியாகவே நான் பார்க்கிறேன்.

எட்வர்ட்ஸ் கால்வினியர். கிருபை தேவனுடையது, அது எப்போது வரும், யாருக்கு வரும் என்பதை மனிதன் தீர்மானிக்க முடியாது. ஆகவே அது வரும்போது வியப்புத்தான். அந்த வியப்பின் காரணமாகவே அவருக்குச் சந்தேகமும் இருந்தது. 1746இல் எழுதிய உணர்ச்சிகள் பற்றிய ஆய்வில், எதையும் நிரூபிக்காத அடையாளங்கள் என்று பன்னிரண்டைப் பட்டியலிடுகிறார். உணர்ச்சியின் வேகம், உடல் நடுக்கம், சரளமாகப் பேச வருவது, வேத வசனம் தானாக மனத்தில் தோன்றுவது எல்லாம் அதில் அடக்கம். அதன் பிறகுதான் நம்பத்தக்க அடையாளங்களுக்கு வருகிறார். அனுபவத்துக்கும் அனுபவத்தின் பாவனைக்கும் இடையில் கோடு கிழிக்கும் இந்தக் காரியம் ஒரு விமர்சகனின் காரியம். அதே மனிதர் 1731இல் ஒரு கறுப்பினச் சிறுமியை அடிமையாக விலைக்கு வாங்கியவர். தன் ஆத்துமாவை அவ்வளவு நுட்பமாகச் சோதித்த கண்ணுக்கு அது படவில்லை. 1750இல் சபை அவரை விலக்கியது. காரணம் இதுவல்ல, திருவிருந்துக்கு யாரை அனுமதிப்பது என்ற தகராறு.

எட்வர்ட்ஸ் காத்திருந்தார். அவர் காலத்திலேயே காத்திருக்காதவர்களும் வந்துவிட்டார்கள். இங்கிலாந்திலிருந்து வந்த ஜார்ஜ் விட்ஃபீல்டின் குரல் எவ்வளவு தூரம் கேட்கிறது என்று ஃபிலடெல்ஃபியா தெருவில் பின்னோக்கி நடந்து பார்த்த பெஞ்சமின் ஃப்ராங்க்ளின், திறந்த வெளியில் 30,000 பேருக்குமேல் கேட்கும் என்று கணக்குப் போட்டார். ஃப்ராங்க்ளின் விசுவாசியல்ல; விட்ஃபீல்டின் பிரசங்கங்களை அச்சிட்டு விற்றவர். குரல், அச்சு, கூட்டம் மூன்றும் சேர்ந்துவிட்டன. 1801 ஆகஸ்டில் கெண்டக்கியின் கேன் ரிட்ஜில் பத்தாயிரத்துக்கு மேல் கூடியதாக மதிப்பிடுகிறார்கள். வண்டிகளையும் கூடாரங்களையும் கொண்டுவந்து நாட்கணக்கில் தங்கினார்கள். விழுந்தார்கள், துடித்தார்கள், கதறினார்கள். பல பிரசங்கிகள் ஒரே நேரத்தில், மரக்கட்டைமீதும் வண்டிமீதும் நின்று பேசினார்கள். கிரேக்கமும் ஹீப்ரூவும் படித்த போதகருக்காக எல்லைப்புறம் காத்திருக்கவில்லை. குதிரைமீது ஊர் ஊராகச் சென்ற மெதடிஸ்டுப் பிரசங்கிக்குப் பட்டம் கிடையாது. அவன் பேசிய மொழி கேட்பவனுடைய மொழி. நாற்பது ஆண்டுகளில் மெதடிஸ்டுகள் அந்நாட்டின் மிகப் பெரிய புராட்டஸ்டண்டுப் பிரிவானார்கள்.

இந்த வரலாற்றின் கீல் சார்ல்ஸ் ஃபின்னி. வழக்கறிஞர் தொழில் பயின்றவர். 1821இல் நியூயார்க் மாநிலத்து ஊர் ஒன்றில் மனந்திரும்பினார். ஈரி கால்வாயால் திடீரென்று வளர்ந்த ராச்செஸ்டரில் 1830, 31இல் அவர் நடத்திய கூட்டங்கள் புகழ் பெற்றவை. முன்வரிசையில் ஒரு பெஞ்சு. ஆத்துமாவைப் பற்றிக் கவலைகொண்டவர்கள் அங்கே வந்து உட்கார வேண்டும், எல்லோரும் பார்க்க. பெயர் சொல்லி ஜெபிப்பது, ஆண்கள் இருக்கும் கூட்டத்தில் பெண்களும் வாய்விட்டு ஜெபிப்பது, நாட்கணக்கில் கூட்டத்தை நீட்டிப்பது எல்லாம் அவர் கையாண்ட முறைகள். 1835இல் வெளிவந்த சொற்பொழிவுகளில் அவர் ஒளிவுமறைவில்லாமல் சொல்லிவிட்டார்: எழுப்புதல் அற்புதம் அல்ல. தேவன் தந்திருக்கும் உபாயங்களைச் சரியாகப் பயன்படுத்தினால் வரும் விளைவு, உழுது விதைத்தால் விளைச்சல் வருவது போல.

நூறு ஆண்டுகளில் வியப்பு விளைச்சலாகிவிட்டது. இதை வீழ்ச்சி என்று சொல்லிவிட்டுப் போவது சுலபம். 1843இல் ஜான் நெவின் என்ற இறையியலாளர் அந்தப் பெஞ்சை எதிர்த்து ஒரு நூலே எழுதினார். அவர் வாதத்தில் நியாயம் உண்டு. ஆனால் வீழ்ச்சி என்ற சொல் இங்கு போதாது. மனிதனால் திரும்ப முடியும் என்றால் சமூகத்தாலும் திரும்ப முடியும் என்று ஆகிறது. ஃபின்னியின் கூட்டத்தில் மனந்திரும்பிய தியடோர் வெல்ட் அடிமை ஒழிப்பின் பெரும் பேச்சாளரானார். ஃபின்னி கற்பித்த ஓபர்லின் கல்லூரி 1835இலேயே கறுப்பர்களைச் சேர்க்க முடிவெடுத்தது. 1837இல் பெண்களைப் பட்டப்படிப்பில் சேர்த்தது. வீட்டு வேலைக்காரியாக வளர்ந்த ஜரீனா லீ என்ற கறுப்பினப் பெண், பிரசங்கம் செய்யத் தனக்கு அழைப்பு வந்திருப்பதாகச் சொன்னபோது ரிச்சர்ட் ஆலன் மறுத்தார். சில ஆண்டுகள் கழித்து, பிரசங்கி ஒருவர் பேச வராமல் தடுமாறி நிற்க, அந்தப் பெண் எழுந்து அதே வசனத்தைத் தொடர்ந்து பேசினார். அதன் பிறகு ஆலனால் மறுக்க முடியவில்லை. 1836இல் அவர் தன் வரலாற்றை அச்சிட்டார். பட்டமும் நியமனமும் இல்லாதவர் ‘எனக்கு நேர்ந்தது’ என்ற ஒன்றை மட்டும் ஆதாரமாக வைத்துப் பேச முடியும் என்பது சிறிய விஷயமல்ல.

மறுபக்கத்தை ஃப்ரெடரிக் டக்லஸ் எழுதியிருக்கிறார். அவரை உடைமையாக வைத்திருந்த தாமஸ் ஆல்ட் 1832இல் ஒரு மெதடிஸ்டு முகாம் கூட்டத்தில் மனந்திரும்பினார். இனி விடுதலை செய்வார், குறைந்தது இரக்கமாவது காட்டுவார் என்று டக்லஸ் எதிர்பார்த்தார். ஆல்டின் கொடுமை கூடியது. இப்போது அதற்கு வேத வசனமும் துணை. மெதடிஸ்டுகள் 1844இலும் பாப்டிஸ்டுகள் 1845இலும் அடிமைமுறையின் பேரில் உடைந்தார்கள். இரு பக்கத்திலும் ஒரே கண்ணீர், ஒரே பாட்டுகள். தென்னக பாப்டிஸ்டுகள் இதற்கு மன்னிப்புக் கேட்டது 1995இல்.

இந்த அலை நம்மையும் தொட்டது. 1810இல் அந்த எழுச்சியின் சூட்டில் பிறந்த அமெரிக்க மிஷன் சங்கத்தார் 1816இல் யாழ்ப்பாணம் வந்தார்கள். 1823இல் வட்டுக்கோட்டைச் செமினரியைத் தொடங்கினார்கள். கலித்தொகையைப் பதிப்பித்த சி. வை. தாமோதரம் பிள்ளை அங்கு படித்தவர். 1862இல் சென்னையில் வெளிவந்த பெரிய தமிழ் அகராதிக்கு உரிய வின்ஸ்லோ அந்தச் சங்கத்தவர். செமினரி 1855இல் மூடப்பட்டது. சுவிசேஷத்தைவிடக் கல்வியே அங்கு மேலோங்கிவிட்டது என்ற அதிருப்தி அதற்கு ஒரு காரணம். விதைத்தவர் எண்ணிய விளைச்சல் வேறு. நமக்குக் கிடைத்தது வேறு.

பிறகு வந்ததை வேகமாகச் சொல்லிவிடலாம். செருப்புக் கடையில் விற்பனையாளராக இருந்த மூடி, 1875இன் இறுதியில் ஃபிலடெல்ஃபியாவில் ஒரு பழைய ரயில்வே சரக்குக் கிடங்கில் கூட்டம் நடத்தினார். கிடங்கை வாங்கியிருந்த வானமேக்கர் மறு ஆண்டு அதே கூரையின் கீழ் தன் பெரிய கடையைத் திறந்தார். இதற்கு வியாக்கியானம் தேவையில்லை. பேஸ்பால் ஆட்டக்காரர் பில்லி சண்டே, 1949இல் லாஸ் ஏஞ்சலிஸ் கூடாரத்திலிருந்து நாடறிந்தவரான பில்லி கிரஹாம் எல்லோரும் ஃபின்னியின் பெஞ்சைப் பெரிதாக்கியவர்கள்தாம். நடுவில் ஒரு விலக்கு: 1906இல் அதே லாஸ் ஏஞ்சலிஸில், அஸூஸா தெருவில், குதிரை லாயமாகவும் இருந்த ஒரு கட்டடத்தில் வில்லியம் ஸீமர். அடிமைகளாக இருந்தவர்களின் மகன். வெள்ளையர் வகுப்பில் உட்காரத் தடை இருந்ததால் அறைக்கு வெளியே இருந்து பாடம் கேட்டவர். அவர் கூட்டத்தில் கறுப்பரும் வெள்ளையரும் மெக்ஸிகோகாரரும் சேர்ந்து மண்டியிட்டார்கள். அங்கிருந்து கிளைத்த சபைகள் சில ஆண்டுகளில் நிறவாரியாகப் பிரிந்தன.

ஆக, எழுப்புதல் அமெரிக்கனுக்குக் கொடுத்தது கோட்பாடு அல்ல. ஒரு கதை வடிவம். இருளில் இருந்தேன், இன்ன நாளில் இன்ன இடத்தில் திரும்பினேன், இப்போது வேறு மனிதன். இந்த வடிவம் வாயில்லாதவருக்கு வாய் கொடுத்தது. அதே வடிவம், அதற்குள் அடங்காத அனுபவத்தை அனுபவமே இல்லை என்றும் சொல்லியது. ஹாலி அந்த வடிவத்துக்குள் தன் இடத்தைத் தேடிக் காணாதவர். உபாயம் பெருகப் பெருக வடிவம் இறுகியது; வியப்புக்கு இடம் குறைந்தது.

நார்தாம்ப்டனிலிருந்து பத்து மைலுக்குள், ஆற்றின் அக்கரையில் ஆம்ஹர்ஸ்ட். எமிலி டிக்கின்ஸனின் ஊர். அவர் 1847, 48இல் படித்த மவுண்ட் ஹோலியோக் பள்ளியில் மாணவிகளை, விசுவாசத்தை அறிக்கையிட்டவர்கள், நம்பிக்கை உள்ளவர்கள், நம்பிக்கை இல்லாதவர்கள் என்று மூன்றாகப் பிரித்து வைத்திருந்தார்கள். அவர் மூன்றாவது பட்டியலிலேயே இருந்தார். 1850இல் ஊரில் எழுப்புதல் வந்தது. தந்தை சபையில் சேர்ந்தார், தங்கை சேர்ந்தாள், நெருங்கிய தோழி சேர்ந்தாள். அவர் சேரவில்லை. ஆனால் அந்தச் சபையின் ஞானப்பாட்டுச் சந்தத்தை அவர் விடவில்லை. ஏறத்தாழ 1,800 கவிதைகளில் பெரும்பாலானவை அந்தச் சந்தத்தில், அல்லது அதை உடைத்த சந்தத்தில், இருக்கின்றன. பெஞ்சுக்கு வந்து உட்கார மறுத்தவரிடம்தான் எட்வர்ட்ஸின் வியப்பும் சந்தேகமும் ஒருசேர மிஞ்சியிருக்கின்றன என்பது என் எண்ணம். அவர் வாழ்நாளில் அச்சேறியவை ஒரு டஜனை ஒட்டியே. கணக்குக் காட்டுவதற்கு அவரிடம் வேறு எதுவும் இருக்கவில்லை.