மாங்குளமும் தலைமன்னாரும்

மணிரத்னத்தின் 'கன்னத்தில் முத்தமிட்டால்' 2002 பெப்ரவரி 14இல் வெளியானது. போர்நிறுத்த உடன்படிக்கை கைச்சாத்தானதோ அதே மாதம் 22இல். படம் உருவான நாட்களில் வன்னியில் கமரா வைக்கும் சூழல் இருக்கவில்லை. ஆகவே மாங்குளத்தை இந்திய மண்ணில் எழுப்பும் பொறுப்பு கலை இயக்குநர் சாபு சிரிலைச் சேர்ந்தது.

'தேன்மாவின் கொம்பத்து', 'காலாபானி', 'ஓம் சாந்தி ஓம்', 'எந்திரன்' ஆகியவற்றுக்காக நான்கு முறை தேசிய விருது பெற்றவர் அவர். 'கன்னத்தில் முத்தமிட்டால்' ஆறு தேசிய விருதுகளைப் பெற்றது. அவற்றுள் கலை இயக்கத்துக்கான விருது இல்லை. அரங்கை அரங்கென்று எவரும் உணராதபோதே இத்தொழில் வெற்றி பெறுகிறது. பாராட்டு தவறிப்போவதற்கும் அதுவே காரணம் என்பேன்.

அப்படத்தில் ஈழத்துத் தாயொருத்தி கடல் கடந்து இராமேஸ்வரம் சேர்கிறாள். மன்னார்க் கரையிலிருந்து எம்மவர் ஆயிரக்கணக்கில் படகேறிய வழி அது. ஒருகாலத்தில் இராமேஸ்வரத்துக்குக் கப்பல் ஓடிய தலைமன்னாரின் பழைய இறங்குதுறை துருவேறிச் சிதைகிறது. படப்பிடிப்பு முடிந்ததும் பிரித்த அரங்கை, வேண்டுமெனில் மீண்டும் அமைக்கலாம். இறங்குதுறை அப்படியன்று. திரையில் கண்ட மாங்குளத்துக்காகக் கண்ணீர் விட்ட நாம், கரையில் எஞ்சிய இந்தச் சாட்சியையும் காப்பதற்குக் குரல் கொடுக்கவேண்டும்.