டெக்கேசியா

டெக்கேசியா, அமெரிக்கக் கலைஞர் பில் மாரிசன் 2002இல் வெளியிட்ட, சுமார் 67 நிமிடம் ஓடும் கருப்பு வெள்ளைப் படம். ஆவணக் காப்பகங்களில் சிதைந்துகொண்டிருந்த பழைய படச்சுருள்களின் துண்டுகளைக் கோத்து உருவாக்கப்பட்டது.

பின்னணி: 1950களின் தொடக்கம் வரை பயன்பட்ட செல்லுலோஸ் நைட்ரேட் படச்சுருள் எளிதில் தீப்பற்றக்கூடியது. நாளடைவில் அது பிசுபிசுத்து, இறுதியில் பொடியாகும். அதன்மேல் பிம்பத்தைத் தாங்கும் பூச்சும் கரைந்து, குமிழிகளும் கறைகளும் படரும்.

உருவாக்கம்: மாரிசன் இந்தக் கறைகளைத் துடைத்து நீக்கவில்லை, அவற்றையே ஓவியனின் வண்ணம்போல் கையாண்டார். ஒரு காட்சியில் குத்துச்சண்டை வீரரின் எதிரே இருந்த பயிற்சிப் பை கறையில் மறைந்துபோக, அவர் அழிவோடே மோதுவதாகத் தோன்றுகிறது. சுழன்றாடும் சூஃபி துறவியின் காட்சி படத்தின் தொடக்கத்திலும் முடிவிலும் வருகிறது.

இசை: மைக்கேல் கார்டன் அமைத்த சிம்பொனி. 2001இல் சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில் காட்சிகளுடன் முதன்முதலில் அரங்கேறியது. வேண்டுமென்றே சுருதி பிசகவிட்ட கருவிகள், சிதையும் பிம்பங்களுக்கு இணையான ஒலியைத் தருகின்றன.

சிறப்பு: 2013இல் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது; 21ஆம் நூற்றாண்டுப் படங்களில் அந்த இடத்தை முதலில் பெற்றது இதுவே. படச்சுருளும் மனித உடலைப்போல் மூப்படைந்து மறையும் என்பதை இவ்வளவு நெகிழ்ச்சியுடன் உணர்த்தும் படைப்புகள் அரிது.