காணொலிக் கூட்டங்களில் அத்துமீறல்: பூட்டுகள் வந்த வரலாறு

அழைக்கப்படாத ஒருவர் இணையவழிக் காணொலிக் கூட்டத்தில் புகுந்து, ஆபாசப் படம், வசைமொழி, விளம்பரம் முதலியவற்றைப் பரப்பிக் கூட்டத்தைக் குலைப்பது 'ஜூம்பாமிங்' எனப்படுகிறது. ஜூம் செயலியின் பெயரால் இச்சொல் உருவானாலும், பிற செயலிகளும் இச்சிக்கலுக்கு விலக்கல்ல.

2020 மார்ச் 25 அன்று நாடு தழுவிய ஊரடங்கு தொடங்கியது. பள்ளிப் பாடமும் பாட்டு வகுப்பும் சகஸ்ரநாமப் பாராயணமும் குடியிருப்போர் நலச்சங்கக் கூட்டமும் சில வாரங்களில் திரைக்கு இடம்பெயர்ந்தன. ஓய்வுபெற்றோர் மிகுதியாக வாழும் நங்கநல்லூர் போன்ற பகுதிகளில், வெளிநாட்டில் உள்ள பிள்ளைகளோடு பேசவும் இதுவே வழியாயிற்று. அலுவலகங்களுக்கென வடிவமைக்கப்பட்ட ஒரு கருவி, காவலுக்கு ஆளில்லாமல் வீட்டுக்கூடத்துக்கு வந்தது. ஜூம் கூட்டங்களில் ஒரு நாளில் பங்கேற்போர் எண்ணிக்கை 2019 டிசம்பரில் ஏறக்குறைய 1 கோடி. 2020 மார்ச்சில் 20 கோடி. (ஒருவர் ஒரே நாளில் மூன்று கூட்டங்களில் இருந்தால் மூன்றாகக் கணக்கிடும் எண் இது.)

எண்ணைக் கண்டுபிடித்தல்

அன்று பெரும்பாலான கூட்டங்களுக்கு 9 முதல் 11 இலக்கம் கொண்ட ஓர் எண்ணே சாவி. கடவுச்சொல் கட்டாயமில்லை. செக் பாயிண்ட் என்னும் பாதுகாப்பு நிறுவனம் 2019இல் கணினியால் எண்களை உருவாக்கிச் சோதித்தபோது, 100 எண்களில் ஏறக்குறைய 4 உண்மையான கூட்டங்களுக்கு உரியவையாக இருந்தன. இம்முறை புதிதன்று. 1980களில் மோடம் பொருத்திய கணினிகளைத் தேடித் தொலைபேசி எண்களை வரிசையாகச் சுழற்றிப் பார்த்த 'வார் டயலிங்' உத்தியின் மறுபிறப்பு இது. 1983இல் வெளிவந்த 'வார்கேம்ஸ்' திரைப்படத்திலிருந்து அப்பெயர் வந்தது. 2020 ஏப்ரல் தொடக்கத்தில் ஆய்வாளர்கள் எழுதிய ஒரு தானியங்கி நிரல், கடவுச்சொல் இல்லாத கூட்டங்களை மணிக்கு நூறு என்ற அளவில் கண்டுபிடித்துக் காட்டியது.

தேடக்கூட வேண்டாத நிலையும் இருந்தது. 2020 மார்ச் 31 அன்று பிரிட்டன் பிரதமர் போரிஸ் ஜான்சன் தம் அமைச்சரவைக் கூட்டத்தின் திரைப்படத்தை ட்விட்டரில் வெளியிட்டார். கூட்ட எண்ணும் அதில் தெரிந்தது. அதற்கு முந்தைய நாள்தான் அமெரிக்காவின் எஃப்.பி.ஐ. இத்தகைய ஊடுருவல்கள் பற்றி எச்சரித்திருந்தது.

ஏப்ரல் 1 அன்று ஜூம் நிறுவனர் எரிக் யுவான், 90 நாட்களுக்குப் புதிய வசதிகளை நிறுத்திவிட்டுப் பாதுகாப்பை மட்டும் கவனிப்பதாக அறிவித்தார். ஏப்ரல் 5 முதல் இலவசக் கணக்குகளில் கடவுச்சொல்லும் காத்திருப்பு அறையும் இயல்பாகவே இயங்கத் தொடங்கின. சில நாட்களில் கூட்ட எண் திரையின் மேற்பட்டையிலிருந்து நீக்கப்பட்டது. இவ்வரலாற்றில் முதன்மையான திருப்பம் இதுவே எனலாம். அதுவரை அவ்வசதிகள் இல்லாமல் இல்லை. பயனர் தேடிப் போய் இயக்க வேண்டியிருந்தது, யாரும் போகவில்லை.

இந்தியாவில் மத்திய உள்துறை அமைச்சகத்தின் சைபர் ஒருங்கிணைப்பு மையம் வெளியிட்ட அறிவுரை ஏப்ரல் 16 அன்று பொதுவெளிக்கு வந்தது. அரசு அலுவலர்கள் அலுவல் பணிக்கு ஜூமைப் பயன்படுத்தக் கூடாது என்றது அது. தனிநபர்களுக்கு அது சொன்னவை எளியவை: கூட்டத்துக்குக் கூட்டம் புதிய எண்ணும் கடவுச்சொல்லும் வைத்தல், காத்திருப்பு அறை, நடத்துநருக்கு முன் எவரும் நுழையாமல் தடுத்தல், திரைப் பகிர்வை நடத்துநருக்கு மட்டும் விடுதல், வெளியேற்றப்பட்டவர் திரும்பாமல் பார்த்தல், எல்லோரும் வந்தபின் கூட்டத்தைப் பூட்டுதல். முடிவில் நடத்துநர் வெளியேறினால் மட்டும் போதாது, கூட்டத்தையே முடிக்க வேண்டும் என்ற குறிப்பும் இருந்தது. பலர் கவனிக்காமல் விட்டது இதைத்தான். அதே ஆண்டு உள்நாட்டுக் காணொலிச் செயலிக்கு மத்திய அரசு நடத்திய போட்டியில் ஆலப்புழையின் டெக்ஜென்சியா நிறுவனம் வென்றது.

உள்ளிருந்து திறக்கும் கதவு

பிங்காம்டன், பாஸ்டன் பல்கலைக்கழகங்களின் ஆய்வாளர்கள் 2020இன் முதல் ஏழு மாதங்களில், கூட்டங்களைக் குலைக்க ஆள் திரட்டிய இணையப் பதிவுகளை ஆராய்ந்தனர். பெரும்பாலான அழைப்புகள் எண்ணைக் கணித்த அந்நியரிடமிருந்து வரவில்லை. முறையாக அனுமதி பெற்ற உள்ளாட்களே, குறிப்பாக வகுப்பு மாணவர்களே, இணைப்பையும் கடவுச்சொல்லையும் வெளியே கொடுத்திருந்தனர். அப்படியானால் கடவுச்சொல் என்ன செய்யும்? நம் ஊரில் வாட்ஸ்அப் குழுவில் அனுப்பப்படும் இணைப்பிலேயே கடவுச்சொல் பொதிந்திருப்பது வழக்கம். அதை முன்னனுப்பும் ஒவ்வொருவரும் சாவியின் படியெடுத்துக் கொடுக்கிறார். ஒவ்வொருவருக்கும் தனி இணைப்பு வழங்குவதே உறுதியான தீர்வு என்றனர் அவ்வாய்வாளர்கள். முன்பதிவு செய்து நடத்தும் கூட்டங்களில் இது இயலும். பாட்டியின் பாராயணக் குழுவில் யார் பதிவு செய்வார்கள்?

தமிழ்நாட்டில் இவ்விவாதம் பள்ளிகளைச் சுற்றியே நடந்தது. இணைய வகுப்பின்போது குழந்தைகள் ஆபாசத் தளங்களுக்கு இழுக்கப்படும் ஆபத்தைச் சுட்டி 2020இல் சென்னை உயர் நீதிமன்றத்தில் வழக்குத் தொடரப்பட்டது. வகுப்புகளுக்குத் தடை விதிக்க மறுத்த நீதிமன்றம், அரசின் வழிகாட்டு நெறிமுறைகளைப் பின்பற்றச் சொன்னது. 2021 மே மாதம் சென்னையில் ஆசிரியர் ஒருவர்மீதே புகார் எழுந்தபின், இணைய வகுப்புகளைப் பதிவு செய்ய வேண்டும் என மாநில அரசு உத்தரவிட்டது. வாசலில் நிற்கும் பூட்டு இவ்வகைத் தீங்கைத் தடுக்காது என்பதால், பதிவு என்னும் வேறு வகைக் காவல் தேவைப்பட்டது.

பெருந்தொற்று தணிந்தபின்னும் ஊடுருவல் நிற்கவில்லை. 2023 டிசம்பரில் கர்நாடக உயர் நீதிமன்றத்தின் காணொலி விசாரணைகளில் புகுந்தவர்கள் ஆபாசக் காட்சிகளை ஓடவிட்டனர். காணொலி வசதியையும் நேரலையையும் நீதிமன்றம் தற்காலிகமாக நிறுத்தியது. இங்கே முரண் கடுமையானது: நீதிமன்றக் கதவு பொதுமக்களுக்குத் திறந்திருக்க வேண்டும் என்பது கொள்கை. பூட்டினால், தொலைவிலுள்ள வழக்குரைஞரும் வழக்காளியும் வெளியே நிற்பார்கள். பார்ப்போருக்கு நேரலை, பேசுவோருக்கு மட்டும் கூட்ட இணைப்பு என்று இரண்டையும் பிரிப்பது ஒரு வழி.

அண்மை ஆண்டுகளில் குறிப்பெடுக்கும் செயற்கை நுண்ணறிவுப் பாட்டுகள் பங்கேற்பாளர் போலவே பட்டியலில் தோன்றுகின்றன. ஒருவரின் நாட்காட்டியோடு இணைக்கப்பட்டிருந்தால், அவர் வராத கூட்டத்துக்கும் அது வந்து அமர்ந்து பேச்சைப் பதிவு செய்யும். காத்திருப்பு அறையில் பெயர்களை ஒவ்வொன்றாகப் படித்து அனுமதிக்கும் பழைய முறையே இதற்கும் பயன்படுகிறது.