ஆயிரம் முகங்களுக்குப் பின்னே

பேசாப்படக் காலத்தை நினைத்தவுடன் சாப்ளினின் தொப்பியும் கைத்தடியுமே நம் கண்முன் வருகின்றன. எப்படத்தில் கண்டாலும் அவரை அடையாளம் கண்டுகொள்ளலாம். அதற்கு நேர்மாறான வழியில் நடந்த ஒரு குணச்சித்திர நடிகர் அதே நாள்களில் வாழ்ந்தார். படத்துக்குப் படம் இன்னார் எனத் தெரியாவண்ணம் மாறிய லான் சேனியை, 'ஆயிரம் முக மனிதர்' என்றே அமெரிக்க மக்கள் அழைத்தனர்.

1883 ஏப்ரல் முதல் நாளன்று கொலராடோ ஸ்பிரிங்ஸ் நகரில் பிறந்த அவருடைய தாயும் தந்தையும் காது கேளாதவர்கள். அந்நகரில் காது கேளாதோர் பள்ளியை 1874இல் தொடங்கியவர் தாய்வழிப் பாட்டனார். தாய் வாதநோயால் படுக்கையில் வீழ்ந்தபோது, சிறுவன் நான்காம் வகுப்போடு படிப்பை நிறுத்திவிட்டு அவருக்குத் துணையிருந்தான். வெளியில் கண்டதையெல்லாம் தாய்க்குச் சொல்லியாக வேண்டும். ஆனால் சொற்களுக்கு அந்த அறையில் வேலையில்லை. அண்டை அயலாரின் நடையையும் கோபத்தையும் சிரிப்பையும் தன் உடலிலேயே நடித்துக் காட்டினான். பின்னாளில் உலகம் வியந்த கலைக்கு அந்தக் கட்டிலின் அருகேதான் பயிற்சி நடந்தது என்று நாம் கருதுகிறோம்.

ஊர் ஊராகச் சென்ற நாடகக் குழுக்களில் உழைத்தபின், 1913 வாக்கில் திரைக்கு வந்தார். சில்லறை வேடங்களிலேயே ஆண்டுகள் கழிந்தன. 1919இல் வெளிவந்த 'அற்புத மனிதர்' என்னும் படமே அவரை உயர்த்தியது. முதியவர் ஒருவரின் குணமளிக்கும் புகழைக் காட்டிப் பணம் பறிக்க வஞ்சகர் கூட்டமொன்று திட்டமிடுகிறது. கைகால் முறுக்கிக்கொண்ட முடவனாக நடிப்பவன் சேனி. கூட்டத்தின் நடுவே தரையில் ஊர்ந்து சென்று, முதியவரின் முன் மெல்ல மெல்ல நிமிர்ந்து பொய்யாய்க் 'குணமாகிறான்'. அதைக் கண்ட ஒரு சிறுவன், உண்மையிலேயே ஊனமுற்றவன், ஊன்றுகோல்களை எறிந்துவிட்டு ஓடி வருகிறான். வஞ்சகன் திகைத்து நிற்கிறான். அப்படத்தில் இன்று எஞ்சியிருப்பவை சில நிமிடத் துண்டுகளே. நற்பேறாக இக்காட்சி அவற்றுள் ஒன்று.

1923இல் விக்டர் ஹ்யூகோவின் கூனனாகச் சேனி தோன்றினார். பாரிஸ் நகரின் நோத்ர்தாம் பேராலய முகப்பைக் கலிபோர்னியாவில் அரங்கமாக எழுப்பினர். முதுகில் எழுபது பவுண்டு ரப்பர் சுமந்தார் என்று விளம்பரம் கூறியது. அது மிகக் குறைந்த எடையுள்ள சாந்துக் கட்டே எனப் பின்வந்த ஆய்வாளர் கண்டனர். விளம்பரத்தின் பழக்கம் அது! நாவலில் தீயவராக வரும் ஆலயத் தலைமைக் குருவைப் படத்தில் நல்லவராக்கி, அத்தீமையை அவருடைய தம்பி மேல் ஏற்றியிருந்தனர். யார் மனத்தையும் புண்படுத்தக் கூடாது என்ற எண்ணமாயிருக்கலாம். கதையின் வலிமை அதனால் குறைந்தது என்பதே நம் கருத்து. ஆயினும் மணியோசையால் செவியிழந்த கூனனைக் காது கேளாதோரின் மகன் நடித்ததில் ஒரு பொருத்தம் உண்டு.

1925இல் 'ஆப்பெரா மாளிகை மாயாவி'யின் முகமூடி அகற்றப்படும் காட்சி இன்றும் பேசப்படுகிறது. ஒப்பனையை அவரே செய்துகொண்டார்; 1929இல் பிரிட்டானிக்கா கலைக்களஞ்சியத்தின் ஒப்பனைக் கட்டுரையையும் அவரே எழுதினார். இருப்பினும் ஒன்றைச் சொல்லாமலிருக்க இயலவில்லை. உடற்குறையுள்ளோரைக் குற்றவாளிகளாகக் காட்டிய கதைகள் அவருடைய படங்களில் பல. 1920இல் வந்த 'தண்டனை'யில், கால்களைப் பின்புறம் மடித்து இறுகக் கட்டிக்கொண்டு, காலிழந்த கொள்ளைத் தலைவனாக நடித்தார். கதை அம்மனிதனை அச்சத்துக்குரியவனாக்கியது. சேனியின் கண்கள் அவனுக்காக நம்மிடம் மன்றாடின. எழுதியவர் தராத இரக்கத்தை நடித்தவர் தந்தார்.

பேசும்படம் வந்தபோது நெடுநாள் தயங்கினார். 1930இல் ஒரே ஒரு பேசும்படத்தில், ஐந்து வெவ்வேறு குரல்களில் பேசினார். படம் வெளிவந்த சில வாரங்களில், ஆகஸ்ட் 26 அன்று, புற்றுநோயால் 47ஆம் வயதில் மறைந்தார். இறுதி நாள்களில் குரல் போய்விட்டது. சிறுவயதில் பெற்றோரிடம் பேசிய கைச்சைகைகளாலேயே சுற்றியிருந்தோரிடம் பேசினார். கிளெண்டேல் கல்லறையில் அவர் அடக்கம் செய்யப்பட்ட இடத்தில் பெயர் பொறிக்கப்படவில்லை.